மாகாளி வயரை வெட்டிச் சுருக்கிய கதை

பொள்ளாச்சி உடுமலை ரோட்டில் கார் அலங்காரக் கடை வைத்திருக்கும் மாகாளியைப் பற்றி யார் என்ன சொன்னாலும், ஒன்றை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். அவர் காரணமில்லாமல் புளுகமாட்டார். கை வேலை சரியாக ஓடிக்கொண்டிருந்தால் வாயையே திறக்கமாட்டார். சீட் கவர் மாட்டும்போதும் ஹாரன் மாற்றும்போதும் பக்கத்தில் நின்று பார்த்தால் ஸ்க்ரூ திருகும் சத்தம் மட்டும்தான் கேட்கும். வேலை எங்கேயாவது சிக்கிக்கொண்டால்தான் பேச்சு ஆரம்பிக்கும். பேச்சு எவ்வளவு நீளுகிறதோ, சிக்கல் அவ்வளவு பெரிது என்று வைத்துக்கொள்ளலாம்.

கோகிலவாணியின் வண்டிக்கு நாலு பக்கமும் கேமரா மாட்டிய புதன்கிழமை அவர் காலை பத்தரைக்கு வாயைத் திறந்தார். மூடும்போது மணி இரண்டு.

கோகிலவாணி கோட்டூர் பக்கம் கயிறு மில் நடத்துகிறவள். நாற்பது வயது. அதிகம் பேசமாட்டாள், ஆனால் எதிரே பேசுகிறவர் முகத்தை விட்டுக் கண்ணை எடுக்கவும் மாட்டாள். மில்லுக்கும் கோயமுத்தூருக்கும் தன் பெரிய வண்டியைத் தானே ஓட்டிக்கொண்டு போவாள். தேங்காய் லாரிக்காரர்களே அவளுக்கு ஒதுங்கி வழிவிடுவார்கள். அப்படிப்பட்டவளுக்கு ஆனைமலையில் மட்டும் ஒரு தோல்வி நேர்ந்துவிட்டது. அவள் மாமனாரின் அண்ணன் சென்னியப்பன் வீடு அங்கே ஒரு சந்துக்குள் இருக்கிறது. இரண்டு பக்கமும் மதில். உள்ளே போய் ஸ்டியரிங்கை ஒடித்துத் திருப்பித்தான் வாசலில் நிறுத்த வேண்டும். தீபாவளிக்குப் போனபோது முன்னே எடுத்துப் பின்னே எடுத்து மூன்று முறை பார்த்தாள். வாசலில் முப்பது சொந்தக்காரர்கள் நின்று வேடிக்கை பார்த்தார்கள். சென்னியப்பன் இறங்கி வந்து கையை நீட்டினார்.

"விடு அம்மணி. சாவியைக் குடு, நான் போட்டுத் தர்றேன்."

கொடுத்துவிட்டாள். அவர் ஒரே மூச்சில் நிறுத்திவிட்டு வந்து, சாவியைத் திருப்பிக் கொடுக்கும்போது அன்பாகவே சொன்னார்: "உனக்கென்ன பின்னாடி கண்ணா இருக்குது?"

அந்த அன்புதான் அவளுக்குச் செரிக்கவில்லை. பின்னாடி மட்டும் என்ன, நாலு பக்கமும் கண் வைத்துவிடுவது என்று முடிவு செய்தாள். வருகிற வெள்ளிக்கிழமை அதே வீட்டில் காதுகுத்து. அதற்குள் கேமரா வேலை செய்தாக வேண்டும்.

மாகாளியிடம் போனில் விசாரித்தபோது, "இது முப்பத்தேழாவது வண்டிங்க அம்மணி," என்று சொல்லியிருந்தார். உண்மையில் இதுதான் முதல் வண்டி. ஐம்பது என்று முழுசாகச் சொன்னால் நம்பமாட்டார்கள், முப்பத்தேழு என்றால் யாரும் சந்தேகப்படுவதில்லை என்பது அவருடைய இருபது வருட அனுபவம். ஆனால் மனதுக்குள் அவருக்கும் பதைப்பு இருந்தது. இந்த மாதிரி வேலைக்கெல்லாம் ஊர்ச் சனம் கோயமுத்தூருக்கு ஓடுகிறது. ஒரு வண்டி, ஒரே ஒரு வண்டி நன்றாக அமைந்துவிட்டால் போதும், அப்புறம் பொள்ளாச்சி வண்டி பொள்ளாச்சியை விட்டுத் தாண்டாது என்று நினைத்திருந்தார்.

மாட்டுகிற வேலை எட்டு மணிக்கு ஆரம்பித்துப் பத்துக்குள் முடிந்துவிட்டது. முன்னால் கிரில்லில் ஒரு கேமரா. பின்னால் நம்பர் பிளேட்டுக்கு மேலே ஒன்று. இரண்டு பக்கக் கண்ணாடிகளுக்கு அடியிலும் டிரில் போட்டு ஓட்டை எடுத்து ஒவ்வொன்று. நாலு வயரையும் கதவு வழியாக, காலடி விரிப்புக்கு அடியில் ஓட்டி, ஸ்கிரீனுக்குப் பின்னால் இருக்கும் பெட்டியில் சொருகினார். இந்த இரண்டு மணி நேரமும் மாகாளி ஒரு வார்த்தை பேசவில்லை.

அதற்கப்புறம்தான் நாலு படத்தையும் ஒன்றாகச் சேர்க்கும் வேலை. வண்டியின் நாலு மூலையிலும் கறுப்பும் வெள்ளையுமாகக் கட்டம் போட்ட துணியை விரிக்க வேண்டும். கட்டம் எங்கே இருக்கிறது என்று பெட்டி பார்த்துக்கொண்டு, நாலு படத்தின் ஓரத்தையும் ஒன்றோடு ஒன்று பொருத்தும். மாகாளி துணியை விரித்தார். பட்டனை அழுத்தினார். "வெற்றி" என்று பச்சையாக எழுத்து வந்தது. மேலேயிருந்து பார்ப்பது போல வண்டி தெரிந்தது. நாலு மூலையிலும் கட்டங்கள் அச்சாகப் பொருந்தியிருந்தன.

ஆனால் கடையின் சிமெண்டுத் தரையில் ஒரு விரிசல் உண்டு. வண்டிக்கு முன்னாலிருந்து இடது பக்கமாகச் சாய்ந்து ஓடும். ஸ்கிரீனில் அந்த விரிசல் வண்டியின் முன்னால் புறப்பட்டது, மூலைக்கு வந்தது, அங்கேயே நின்றுவிட்டது. அதற்கு அந்தப் பக்கம் விரிசலே இல்லை. மாகாளி தலையை வெளியே நீட்டித் தரையைப் பார்த்தார். விரிசல் இருந்தது. உள்ளே ஸ்கிரீனைப் பார்த்தார். இல்லை.

மணி பத்தரை. கோகிலவாணி கதவோரம் வந்து நின்று கேட்டாள்.

"ஏனுங்ணா, நாலு கேமராவும் வண்டியிலதான இருக்குது? படத்துல மேல இருந்து பார்க்கிற மாதிரி தெரியுதே. மேல யாருங்க நிக்கறது?"

நியாயமான கேள்வி. நியாயமான பதிலும் உண்டு. நாலு படத்தையும் தரையில் பாய் விரிப்பது போல நீட்டி ஒட்டிவிட்டு, நடுவில் ஒரு பொம்மைக் காரை வைத்துவிடுகிறது பெட்டி. மேலே ஒருவரும் இல்லை. மாகாளிக்கு இது தெரியும். விரிசல் ஒழுங்காக ஓடியிருந்தால் இதையே சொல்லியிருப்பார்.

"நல்லா கேட்டீங்க அம்மணி," என்றார். "இதே கேள்வியை வால்பாறை எஸ்டேட் மேனேஜர் பெலிக்ஸ் சார் கேட்டாருங்க. அவரோட ஜீப்புக்கு மாட்டினது என்னோட பதினோராவது வண்டி."

கடை ஓரத்தில் ஃபேனுக்கு அடியில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருந்த ஆறுக்குட்டி நிமிர்ந்தான். அவன் வேன் டிரைவர். வால்பாறைக்குச் சுற்றுலாக்காரர்களை ஏற்றிப் போகிறவன். ஹெட்லைட் பல்பு மாற்ற வந்தான், ஒன்பதுக்கே மாற்றியாகிவிட்டது. ஆனால் அவன் எழுந்து போகவில்லை. மாகாளி சொல்வதில் ஒரு வரியைக்கூட நம்பமாட்டான், ஒரு வரியைக்கூட விடவும் மாட்டான்.

"பெலிக்ஸ்னு ஒரு மேனேஜரை நான் பார்த்ததே இல்லீங்ணா," என்றான்.

"அவர் எஸ்டேட்டை விட்டு வெளிய வரமாட்டார். ஏன் வரமாட்டார்ங்கறதுதான் கதையே. கேளு." மாகாளி கட்டத் துணியை நாலு விரல் தள்ளிப் போட்டுக்கொண்டே சொன்னார். "இந்தப் பெட்டிக்குள்ள உயரம் வைக்கிறதுக்கு ஒரு இடம் இருக்குதுங்க. கம்பெனிக்காரன் அதைப் பத்தடியில பூட்டி அனுப்பறான். நான் பூட்டை எடுத்துட்டேன். இருபதடி வெச்சேன். சுத்தி இருக்கிற தென்னை மரமெல்லாம் மேலேருந்து தெரிஞ்சுது. பெலிக்ஸ் சார் சீட்டுல உக்காந்தபடிக்கே எந்த மரத்துல எத்தனை குலை முத்தியிருக்குன்னு எண்ணிட்டார். இன்னும் ஏத்துய்யான்னார். ஏத்தினேன். நூறடி, ஐநூறு அடி, ஆயிரம் அடி. ஆழியாறுகிட்ட வண்டியை நிறுத்திட்டுப் பார்த்தா, நாப்பது கொண்டை ஊசி வளைவும் மலை மேல கயித்தை வீசிப் போட்ட மாதிரி ஒரே படத்துல கிடக்குதுங்க. எந்த வளைவுல பஸ் வருது, எந்த வளைவுல லாரி பஞ்சர், எல்லாம் தெரியுது."

"வண்டிக்குள்ள இருக்கிற கேமரா வளைவுக்கு அந்தப் பக்கம் எப்படீங்ணா பார்க்கும்?" என்றான் ஆறுக்குட்டி.

"அது பார்க்கலை. மேல இருந்து பார்க்குது."

"மேலதான் கேமராவே இல்லயே."

"அதைத்தான் யானையும் யோசிச்சுது," என்றார் மாகாளி.

கோகிலவாணி தன்னையறியாமல், "எந்த யானைங்க?" என்று கேட்டுவிட்டாள். கேட்டபின் உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

"ஒம்பதாவது வளைவுல ஒரு கொம்பன் நின்னுதுங்க. நாங்க ஸ்கிரீன்ல அதோட முதுகைத்தான் பார்க்கறோம். முதுகுல மண்ணு, அதுல ரெண்டு கொக்கு. திடீர்னு யானை தலையைத் தூக்கி, நேரா எங்க மூஞ்சியைப் பார்த்துதுங்க. மேல ஏதோ இருக்குதுன்னு அதுக்குத் தெரிஞ்சு போச்சு. துதிக்கையை நீட்டித் தடவிப் பார்த்துது. ஸ்கிரீன் முழுக்க ஈரம்."

"மேல என்னதான் இருந்துதுங்ணா?"

"எனக்குந் தெரியல. இன்னைக்கு வரைக்கும் கண்டுபிடிச்சது அந்த யானை ஒண்ணுதான். அதுவும் சொல்லாமப் போயிருச்சு."

இதற்குள் மாகாளி இரண்டாம் முறை பட்டனை அழுத்தியிருந்தார். "வெற்றி" என்று வந்தது. விரிசல் அதே மூலையில் நின்றது. துணியில் சுருக்கம் இருக்கிறது என்று நினைத்து, பக்கத்து இஸ்திரிக் கடைக்குப் போய் நாலு துணியையும் தேய்த்துக்கொண்டு வந்தார். மூன்றாம் முறை அழுத்தினார். மூன்றாம் முறையும் வெற்றி. மூன்றாம் முறையும் விரிசலைக் காணோம்.

கோகிலவாணி கைக்கடிகாரத்தைப் பார்த்தாள். "மூணு மணிக்கு மில்லுல லோடு ஏத்தோணுங்ணா. ஆகலீன்னா சொல்லிருங்க. கழட்டிக் குடுங்க, கோயமுத்தூர்ல ஒரு கடை பார்த்து வெச்சிருக்கறேன்."

மாகாளி குனிந்து பக்கக் கண்ணாடியைப் பார்த்தார். கேமராவைக் கழற்றிவிடலாம். கண்ணாடிக்கு அடியில் போட்ட இரண்டு ஓட்டைகளை எப்படிக் கழற்றுவது? ஐந்து மாத வண்டி அது. அந்த ஓட்டைகளைக் கோயமுத்தூர்க் கடைக்காரன் குனிந்து பார்த்து, "இதை யாருங்க போட்டது?" என்று கேட்பது அவர் காதிலேயே விழுந்தது.

"இவ்வளவு அவசரப்படக் கூடாதுங்க அம்மணி. உயரம் இன்னும் சரியா இறங்கலை, அதான் விரிசல் தெரியலை. என்ற வீட்டு வண்டிக்கும் இப்படித்தான் ஆச்சு." மாகாளி பானெட்டின் மேல் கையை ஊன்றிக்கொண்டார். "உயரத்தை ஏத்தி வெச்சுட்டு இறக்க மறந்துட்டேன். கடை வாசல்ல நின்னு பார்க்கிறேன், பொள்ளாச்சி மொத்தமும் தெரியுது. சந்தை தெரியுது, ரயில்வே ஸ்டேஷன் தெரியுது, என்ற வீடு தெரியுது. வீட்டுல அடுப்பு மேல குக்கர் இருக்குது. ஆவி மூணு தடவை வந்துருச்சு. எம்பட சம்சாரம் வாசல்ல நின்னு பக்கத்து வீட்டம்மாகிட்டப் பேசிட்டு இருக்கறா. போனைப் போட்டு, 'மூணு விசில் ஆச்சு, அடுப்பை அணை'ன்னு சொன்னேன்."

"வீட்டுக்குள்ள இருக்கிற குக்கர் எப்படீங்ணா தெரிஞ்சுது? கூரை மறைக்காதா?"

மாகாளி ஒரு கணம்கூட யோசிக்கவில்லை. "சமையக்கட்டுல வெளிச்சத்துக்குன்னு ஒரு கண்ணாடி ஓடு போட்டிருக்கறேன்."

ஆறுக்குட்டி அந்த வீட்டுக்குப் போயிருக்கிறான். கண்ணாடி ஓடு இருப்பது உண்மை. மாகாளிக்குக் கொஞ்சம் தெம்பு வந்தது.

"சம்சாரம் என்ன சொன்னாங்க?" என்றாள் கோகிலவாணி.

"அதுக்கப்பறம் ஆறு மாசம் வீட்டுக்குள்ளயே குடை பிடிச்சுட்டுதான் நடந்தாங்க."

கோகிலவாணி திரும்பிச் சுவரைப் பார்த்தாள். அவள் தோள் இரண்டு முறை குலுங்கியதை மாகாளி கவனித்தார். இன்னும் ஒரு மணி நேரம் கிடைத்தது என்று கணக்குப் போட்டுக்கொண்டார். கண்ணாடிகளின் கோணத்தை மாற்றினார். கேமராக்களைத் துணியால் துடைத்தார். வெயில் கூசுகிறது என்று தார்ப்பாயை இழுத்துக் கட்டினார். நாலாவது வெற்றி வந்தது. ஐந்தாவது வெற்றியும் வந்தது. இத்தனை வெற்றியை அவர் வாழ்க்கையில் ஒரே நாளில் பார்த்ததில்லை. விரிசல் மட்டும் வருவதாக இல்லை.

மணி ஒன்றரை ஆனபோது ஆறுக்குட்டி மூன்று பேருக்கும் டீ வாங்கப் போனான். கடை உள்ளடங்கியிருந்ததால், வண்டியின் முன்பக்கமாக வந்து இடது பக்கம் ஓரமாகத்தான் பின்னால் இருக்கும் ரோட்டுக்குப் போக முடியும். மாகாளியும் கோகிலவாணியும் முன் சீட்டுகளில் உட்கார்ந்து ஸ்கிரீனைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

ஸ்கிரீனில் ஆறுக்குட்டி வண்டிக்கு முன்னால் நடந்தான். இடது மூலைக்கு வந்தான். மறைந்தான். மறைந்தவன் வண்டிக்கு வலது பக்கம், பின் மூலையிலிருந்து தோன்றி, முன்னோக்கி நடந்து வந்தான்.

கோகிலவாணி ஜன்னல் வழியாகப் பார்த்தாள். ஆறுக்குட்டி இடது பக்கம் பின்னால் போய்க்கொண்டிருந்தான். ஸ்கிரீனில் வலது பக்கம் முன்னால் வந்துகொண்டிருந்தான்.

"இதென்னங்ணா இது?"

இருபது வருடத்தில் மாகாளியின் மூளை இவ்வளவு வேகமாக ஓடியதில்லை.

"அது இப்ப நடக்கறதில்லீங்க அம்மணி," என்றார். "டீ வாங்கிட்டுத் திரும்பி வரப் போறான் பாருங்க, அதைக் காட்டுது."

சொன்ன பிறகு அவருக்கே கொஞ்சம் மயக்கமாக இருந்தது. ஆனால் கால் வைத்தாகிவிட்டது, இனி ஓடத்தான் வேண்டும்.

"எல்லாக் கேமராவுலயும் படம் ஒரு கண் சிமிட்டற நேரம் லேட்டாத்தான் வரும். பெலிக்ஸ் சார் இதைச் சொல்லிச் சொல்லி என்ற உயிரை வாங்கிட்டார். ஏன் லேட்டாகுதுன்னு யோசிச்சேன். படம் வயர்ல நடந்து வர்றதுக்கு நேரமாகுதுங்க. வயர் நீளம். அப்ப வயரைச் சுருக்கினா? ஒரு ஜாண் வெட்டினேன். படம் டாண்ணு அந்த நொடியிலயே வந்துது. ஆசை யாரை விட்டுது. இன்னொரு ஜாண் வெட்டினேன். படம் முன்னாடியே வர ஆரம்பிச்சிருச்சு."

டீயோடு திரும்பி வந்த ஆறுக்குட்டி கதவில் சாய்ந்து நின்று, "எதுக்கு முன்னாடிங்ணா?" என்றான்.

"நடக்கறதுக்கு முன்னாடி. அரை நிமிசம். ரோட்டுல கோழி குறுக்க வர்றது ஸ்கிரீன்ல தெரியும், சார் பிரேக் போடுவார். நிஜக் கோழி அப்பத்தான் ரோட்டோரத்துக்கு வரும். வண்டி தனக்காக நிக்கறதைப் பார்த்து வெக்கப்பட்டுத் திரும்பிப் போயிரும்."

"குறுக்க வராத கோழி ஸ்கிரீன்ல எப்படித் தெரிஞ்சுது?"

"அந்தக் குழப்பம் எனக்கும் இருந்துது ஆறுக்குட்டி. அது தீரட்டும்னு இன்னும் ரெண்டு ஜாண் வெட்டினேன். அரை மணி நேரம் முன்னாடி போயிருச்சு. சார் ஓட்டலுக்குப் போறதுக்கு முன்னாலயே என்ன சாப்பிடப் போறார்னு தெரியும். ஒரு நாள் தனக்கு உப்புமா வர்றதைப் பார்த்துட்டு, ஓட்டலுக்கே போகலை. ஆனாலும் அன்னைக்குப் பூராவும் அவருக்கு உப்புமா ஏப்பம் வந்துதுங்க."

கோகிலவாணி டீ கிளாஸை வாயருகே கொண்டுபோனவள் அப்படியே கீழே வைத்துவிட்டாள். குடித்தால் புரையேறும் என்று தோன்றியிருக்க வேண்டும்.

மாகாளி இப்போது விரிசலை மறந்துவிட்டார். மில், லோடு, கோயமுத்தூர், இரண்டு ஓட்டைகள் எல்லாம் மறந்துவிட்டன. அவர் கண்ணில் அந்த ஜீப் நிஜமாகவே நின்றது.

"கடைசியா ஒரு நாள், இதே இடத்துலதான் ஜீப் நின்னுது. காலையில பத்து மணி. மிச்சம் இருந்த வயரையும் வெட்டிட்டு விரற்கடை நீளம்தான் விட்டேன். ஸ்கிரீனைப் போட்டா, ஜீப் வால்பாறையில பங்களா ஷெட்டுல நிக்குது. கதவெல்லாம் பூட்டியாச்சு. சக்கரத்துல மலைப் பாதைச் சேறு. பானெட்டு மேல பூனை தூங்குது. பெலிக்ஸ் சார் அதையே பார்த்துட்டு உக்காந்திருந்தார். அப்பறம் சொன்னார், 'மாகாளி, வண்டிதான் வீட்டுக்குப் போயிருச்சே. நான் இங்க உக்காந்து என்ன பண்றேன்?' இறங்கினார். பஸ் ஸ்டாண்டுக்கு நடந்து போய் வால்பாறை பஸ்ஸைப் பிடிச்சார்."

"ஜீப்பு?" என்றான் ஆறுக்குட்டி. அவன் குரல் கொஞ்சம் இறங்கியிருந்தது.

"நான் உள்ள போய் ஒரு ஸ்க்ரூ டிரைவரை எடுத்துட்டு வந்தேன். ஜீப்பைக் காணோம். தரையில எண்ணெய் சொட்டு மட்டும் கிடக்குது. சாயங்காலம் சார் போன் பண்ணினார். ஷெட்டுல நிக்குதாம். பூனையும் தூங்குதாம்."

"யாருங்ணா ஓட்டிட்டுப் போனது?"

"யாரும் ஓட்டலை. டீசல்கூடக் குறையலை. அதுக்கப்பறம் அவர் எங்கயும் போறதில்லை. போகோணும்னு தோணினா ஸ்கிரீனைப் போட்டுப் பார்ப்பார். போயிட்டு வந்துட்ட மாதிரி தெரியும். சரின்னு படுத்துக்குவார்."

ஆறுக்குட்டி கேள்வி ஒன்றைத் தேடிக்கொண்டிருந்தான், கிடைக்கவில்லை. மாகாளி டீயை ஒரே மடக்கில் குடித்தார்.

கோகிலவாணி இறங்கினாள். தன் இடது கால் செருப்பைக் கழற்றி, இடது பக்கக் கண்ணாடிக்கு நேர் கீழே தரையில் வைத்தாள். திரும்பி வந்து ஸ்கிரீனைப் பார்த்தாள். செருப்பு வண்டிக்கு வலது பக்கம் கிடந்தது.

"இடது பக்க வயரை வலதுலயும், வலது பக்க வயரை இடதுலயும் சொருகியிருக்கறீங்ணா," என்றாள்.

மாகாளி ஸ்கிரீனைப் பார்த்தார். செருப்பைப் பார்த்தார். ஸ்கிரீனுக்குப் பின்னால் கையை விட்டு, இரண்டு வயர்களையும் பிடுங்கி, இடம் மாற்றிச் சொருகினார். இரண்டு நிமிட வேலை. மறுபடி பட்டனை அழுத்தினார். ஆறாவது முறையாகப் பச்சை எழுத்து வந்தது.

விரிசல் வண்டியின் முன்னாலிருந்து புறப்பட்டு, மூலையைத் தாண்டி, இடது பக்கமாகச் சாய்ந்து ஓடி, செருப்புக்குப் பக்கத்தில் போய் முடிந்தது. எங்கேயும் ஒரு நூல் பிசகவில்லை. டீ கிளாஸ் வைத்திருந்த ஸ்டூல், ஆறுக்குட்டியின் தலை, தார்ப்பாயின் நிழல் எல்லாம் இருக்க வேண்டிய இடத்தில் இருந்தன. ஆகாயத்தில் யாரோ உட்கார்ந்து பொறுமையாகப் பார்த்துக்கொண்டிருப்பதைப் போலிருந்தது.

மாகாளி ஸ்கிரீனை நோக்கிக் குனிந்தார். அசையாமல் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். இவ்வளவு நேரம் அவர் சொன்ன எதுவும் இந்த அளவுக்கு ஆச்சரியமாக இல்லை என்று அவருக்கே தோன்றியது.

"நல்லா வந்திருக்குதுங்ணா," என்றாள் கோகிலவாணி.

மாகாளி தலையை மட்டும் ஆட்டினார். பிறகு ஆறுக்குட்டியின் வேனைச் சுவரோரமாக நிறுத்தச் சொல்லி, வேனுக்கும் எதிர்ச் சுவருக்கும் நடுவே இருந்த இடுக்கைக் காட்டினார். அவள் ஸ்கிரீனைப் பார்த்தபடி உள்ளே போனாள், வந்தாள். முதல் தடவை வேர்த்தது. மூன்றாவது தடவை ஒற்றைக் கையால் ஓட்டினாள். ஐந்தாவது தடவை ரிவர்ஸிலேயே போய் ஒடித்துத் திருப்பினாள். மாகாளி பக்கத்து சீட்டில் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். இரண்டரைக்கு அவள் மில்லுக்குக் கிளம்பினாள்.

வெள்ளிக்கிழமை முழுவதும் மாகாளிக்குக் கடையில் இருப்புக்கொள்ளவில்லை. ஏதாவது வயர் கழன்றுவிட்டால்? அந்தச் சந்தில், முப்பது பேருக்கு நடுவில் ஸ்கிரீன் கறுத்துப்போனால்? போன் அடிக்கும்போதெல்லாம் திடுக்கிட்டார். அவள் கூப்பிடவில்லை.

சனிக்கிழமை காலை பதினோரு மணிக்கு அவள் வண்டி கடை வாசலில் வந்து நின்றது. மாகாளி முதலில் அவளைப் பார்க்கவில்லை. வண்டியைச் சுற்றி வந்து பார்த்தார். முன் பம்பர், பின் பம்பர், இரண்டு பக்கக் கதவுகள். ஒரு கீறல் இல்லை. அதற்கப்புறம்தான் அவருக்கு மூச்சு வந்தது. ஆறுக்குட்டியும் ஏதோ ஒரு பல்பு மாற்றுகிற சாக்கில் அங்கேயே இருந்தான்.

"உள்ள போச்சுங்களா அம்மணி?" என்றார் மாகாளி.

"போச்சுங்ணா," என்றாள் கோகிலவாணி. "சந்து முனையிலயே பெரிய மாமா கையை நீட்டிட்டு நின்னார். நான் கண்ணாடியை இறக்கவே இல்லை. கும்பிடு மட்டும் போட்டுட்டு உள்ள விட்டேன்."

"அப்பறம்?"

"அப்பறம்தாங்ணா தெரிஞ்சுது. காதுகுத்துக்குன்னு ரெண்டு பக்கமும் பந்தல் கால் நட்டிருக்கறாங்க. சந்து அஞ்சரை அடி. என்ற வண்டி ஆறடி." அவள் முகத்தில் ஒரு சுருக்கமும் இல்லை. "பின்னாடி வர்றதுக்கும் வழியில்லை, ஆட்கள் நிக்கறாங்க. ஸ்கிரீனைப் பார்த்தேன். படம் ஒண்ணோட ஒண்ணு சேர்ற மூலையில லேசா ஒரு கோடு தெரியுமில்லீங்களா, தையல் மாதிரி? ரவிக்கை தொளதொளன்னு இருந்தா என்ன பண்ணுவோம், தையல்ல கொஞ்சம் பிடிச்சு விட்டுருவோம். அதே மாதிரி ஸ்கிரீன்ல விரலை வெச்சு, இந்தப் பக்கம் மூணு அங்குலம், அந்தப் பக்கம் மூணு அங்குலம் பிடிச்சு மடிச்சு விட்டேன். வண்டி அஞ்சரை அடி ஆயிருச்சு. வழுக்கிட்டு உள்ள போச்சு. ஒடிச்சுத் திருப்பி வாசல்ல நிறுத்திட்டேன்."

மாகாளி வாயைத் திறந்தார். மூடினார்.

"சென்னியப்பன் மாமா என்ன சொன்னாருங்க?" என்று கேட்டான் ஆறுக்குட்டி.

"ஒண்ணும் சொல்லலீங்க. வண்டிக்குப் பின்னாடியே நடந்து வந்தவர், வண்டி ஒடுங்கற நேரத்துல தானும் மூச்சை இழுத்துப் பிடிச்சிருக்கறார். இன்னும் விடலை. அப்படியே உக்காந்து மொய் எழுதிட்டு இருக்கறார்."

"வெளிய எடுக்கறப்ப?" என்றார் மாகாளி. அவர் குரல் அவருக்கே புதிதாக இருந்தது. அது கேள்வி கேட்கிறவனின் குரல்.

"வெளிய வந்ததும் தையலைப் பிரிச்சு விட்டுட்டேன். இடது பக்கம் மட்டும். வலது பக்கம் பிரிக்க நேரமில்லீங்ணா, மில்லுல லோடு ஏத்தோணும். இன்னொரு நாளைக்கு வர்றேன்."

கையை அசைத்துவிட்டு வண்டியைப் பின்னாலேயே எடுத்து, ஒரே மூச்சில் ரோட்டுக்குத் திருப்பி, தேங்காய் லாரி ஒன்றை ஒதுக்கிக்கொண்டு போய்விட்டாள். மாகாளி ரோட்டோரம் வரைக்கும் போய், வண்டியின் வலது பக்கத்தைத் தலையைச் சாய்த்துப் பார்த்துக்கொண்டே நின்றார்.

திரும்பி வந்தபோது ஆறுக்குட்டி பழையபடி ஸ்டூலில் உட்கார்ந்திருந்தான். மாகாளிக்கு உள்ளே எரிந்தது.

"ஏண்டா, நான் யானை துதிக்கையை நீட்டுச்சுன்னு சொன்னா அம்பது கேள்வி கேட்கறே. அந்த அம்மணி ஆறடி வண்டியை ரவிக்கை மாதிரி பிடிச்சு விட்டேங்கறாங்க. ஒரு கேள்வி கேட்டியா நீ?"

ஆறுக்குட்டி கொஞ்சம் யோசித்தான்.

"அவங்க வண்டி நெசமாவே உள்ள போயிருக்குதுங்ணா," என்றான்.